மாமாவின் நெஞ்சைப் படித்த தென்காசிக் கம்ப்யூட்டர்

வள்ளிக்கும் செந்திலுக்கும்,

உங்களை விட்டுவிட்டு அப்பா மட்டும் குற்றாலத்தில் குளித்துவிட்டு வந்தேன் என்று வீட்டில் இரண்டு வாரமாக மூஞ்சியைத் தூக்கி வைத்திருக்கிறீர்கள். "சனி, ஞாயிறு லீவுதான, எங்களையும் கூட்டிட்டுப் போயிருக்கலாம்லா?" என்று செந்தில் கேட்டதற்கு என்னிடம் பதில் இல்லை. பதில் இல்லாதவன் எழுதத்தான் வேண்டும். மூன்று நாளும் நடந்ததை மறைக்காமல் எழுதுகிறேன். நான் பத்தாவது வரை படித்து, ஐஸ் கம்பெனியில் கம்ப்ரசர் ஓட்டுகிறவன். பிழை இருந்தால் வள்ளி திருத்திக்கொள்ளட்டும்.

போன காரியம் குளியல் இல்லை. வாசுதேவநல்லூர் மாமாவுக்குக் குடலிறக்கம். பயப்படாதீர்கள். பழைய டயரில் வெடிப்பு விழுந்தால் உள்ளே இருக்கிற ட்யூப் பிதுங்குமே, அதேதான், வயிற்றில். இருபத்திரண்டு வருஷம் ராணுவத்தில் இருந்து ஹவில்தாராக வந்த மனிதருக்கு அந்தப் பெயரை வாயால் சொல்ல வெட்கம். "இடுப்புல சின்ன ரிப்பேர் மாப்ள" என்பார். தென்காசியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் திங்கட்கிழமை ஆபரேஷன் என்று நாள் கொடுத்திருந்தார்கள். அதற்கு முன்னால் பரிசோதனைகள். மாமா மகன் பட்டாளத்தில் லீவு கிடைக்காமல் வடக்கே கிடக்கிறான். அதனால் உங்கள் அம்மா என்னை அனுப்பினாள்.

"எங்க அண்ணன் எல்லாத்துக்கும் தலையாட்டிட்டு வந்திருவான். நீங்க கூட இருந்து நாலு கேள்வி கேளுங்க" என்றாள். நான் கேட்ட கேள்விகளைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். அது பெருமைப்படுகிற கதை இல்லை.

வெள்ளிக்கிழமை. தூத்துக்குடியில் பஸ் ஏறும்போது சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டிருந்தது. ஆலங்குளம் தாண்டியதும் காற்று மாறிவிட்டது. பாவூர்சத்திரம் வருவதற்குள் தூற்றல். நம் ஊரில் மழை என்றால் வருஷத்துக்கு நாலு நாள் வந்து ரோட்டை உடைத்துவிட்டுப் போகும். இங்கே சாரல் என்று ஒன்று, வந்ததும் தெரியாமல் போனதும் தெரியாமல் பவுடர் பூசுவது மாதிரி பூசிவிட்டுப் போகிறது. எங்கள் பஸ்ஸில் கண்ணாடி துடைக்கிற வைப்பர் வேலை செய்யவில்லை. டிரைவர் ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு இன்னொரு கையை வெளியே நீட்டித் துணியால் துடைத்தார். "அண்ணாச்சி, ரோடு தெரியுதா?" என்று முன்சீட்டுக்காரர் கேட்டார். "ரோடு எங்கயும் போவாது, அங்கனதான் கிடக்கும்" என்றார் டிரைவர். இத்தனை நம்பிக்கை உள்ள ஆளை நான் பார்த்ததில்லை. மறுநாளே பார்த்தேன். அது ஆள் இல்லை, கம்ப்யூட்டர்.

மாமாவும் அத்தையும் வாசுதேவநல்லூரிலிருந்து வந்து தென்காசி பஸ் ஸ்டாண்டில் நின்றார்கள். மாமா மீசையை முறுக்கி, வேட்டியை மடித்துக் கட்டி, கல்யாணத்துக்குப் போகிறவர் மாதிரி இருந்தார். அத்தைதான் ஆபரேஷனுக்குப் போகிறவள் மாதிரி இருந்தாள்.

ஆஸ்பத்திரி வாசலில் பெரிய பேனர். கோட்டுப் போட்ட ஒரு ரோபோ காதில் குழாய் மாட்டிக்கொண்டு சிரிக்கிறது. கீழே, "உங்கள் நோயை உங்களுக்கு முன்பே அறியும் அறிவுக் கணினி." மாமா அதை நின்று வாசித்தார். "எனக்கு முன்னாடியே தெரியும்னா எனக்கு லெட்டர் போட்டிருக்கலாம்லா?" என்றார்.

உள்ளே நீலக் கோட்டுப் போட்ட ஒரு பெண், சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு ஒரு டேப்லெட்டைக் கையில் கொடுத்தாள். "இதுல உள்ள கேள்விக்கெல்லாம் ஆம், இல்லைன்னு தொடுங்க அங்கிள். பதிலையும் ஈசிஜியையும் ரத்தத்தையும் சேர்த்துப் பாத்து, ஆபரேஷன் தாங்குவாரா இல்லையான்னு சிஸ்டமே சொல்லிரும். பச்சை வந்தா தியேட்டர். மஞ்சள் வந்தா இன்னும் டெஸ்ட். சிவப்பு வந்தா..."

"சிவப்பு வந்தா?" என்றாள் அத்தை.

"வராது ஆன்ட்டி" என்று சொல்லிவிட்டு அந்தப் பெண் அடுத்தவரிடம் போய்விட்டாள்.

மாமா மூக்குக் கண்ணாடியை ஊரில் வைத்துவிட்டு வந்திருந்தார். அதனால் டேப்லெட் என் கைக்கு வந்தது. அதில் இருந்த தமிழைத் தமிழ் என்று சொல்ல எனக்குத் துணிச்சல் போதாது. எவனோ அயல்நாட்டில் எழுதியதை மிஷினில் போட்டு அரைத்து எடுத்திருக்கிறார்கள். முதல் கேள்வி: "தாங்கள் உழைப்பின்போது மார்பு அசௌகரியத்தை அனுபவிக்கிறீர்களா?"

"அனுபவிக்கதுக்கு அதுல என்ன வே இருக்கு?" என்றார் மாமா.

"நெஞ்சு வலிக்குதான்னு கேக்கான் மச்சான்."

மாமா வாயைத் திறப்பதற்குள் அத்தை என் கையைப் பிடித்துவிட்டாள். "தம்பி, இன்னைக்கு வெள்ளிக்கிழமை. சுமங்கலி பக்கத்துல உக்காந்திருக்கேன். வாயால ஆமான்னு ஒரு வார்த்தை விழக் கூடாது, பலிச்சிரும். இல்லைன்னே போடுங்க."

மாமாவும், "எனக்கு என்ன கேடு? இல்லைன்னு போடுங்க" என்றார். போட்டேன்.

அடுத்தது: "இரு தளப் படிக்கட்டுகளை இடைநிறுத்தமின்றி ஏறவல்லவரா?"

"நம்ம வீடு ஓட்டு வீடு. ஏறுதுக்குப் படிக்கட்டு எங்க இருக்கு? கேக்கான் பாருங்க கேள்வி" என்று மாமா சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது. ஏறுவார் என்று போட்டேன். புகை பிடிப்பவரா? அத்தை மாமாவைப் பார்த்தாள். மாமா கூரையைப் பார்த்தார். நான் இல்லை என்று போட்டேன். குடும்பத்தில் யாராவது இதய நோயால் இறந்தார்களா? மாமாவின் அப்பா வயலில் விழுந்து இறந்தவர். "அது காத்துக் கருப்பு அடிச்சது தம்பி, நோய்னு எழுதிராதிய" என்றாள் அத்தை. அதற்குமேல் நான் கேள்வியை வாசிக்கவே இல்லை. இல்லை, இல்லை என்று தட்டிக்கொண்டே போனேன். பரீட்சையில் செந்தில் செய்வானே, அதே மாதிரி. இனிமேல் அவனைத் திட்டுவதற்கு எனக்கு யோக்கியதை கிடையாது.

பதில்களை மட்டும் வைத்துக்கொண்டே கம்ப்யூட்டர் கொஞ்ச நேரம் சுற்றியது. பச்சை! "சிறந்த உடல்நலம். வாழ்த்துகள்" என்று பூங்கொத்து வேறு காட்டியது. மாமா அங்கிருந்தவர்களை ஒரு சுற்றுப் பார்த்தார். மெடல் வாங்கியபோதுகூட அப்படிப் பார்த்திருக்க மாட்டார்.

ரத்தம் எடுத்துக்கொண்டு, நாளை காலை ஈசிஜி என்றார்கள். தென்காசியில் சீசன் கூட்டத்தில் ரூம் கிடைக்காமல் குற்றாலத்தில் ஒரு தரைத்தள ரூம் கிடைத்தது. ராத்திரிக்குப் பரோட்டாவும் நாட்டுக்கோழிச் சால்னாவும். இலையில் பரோட்டாவைப் பிய்த்துப் போட்டு, கேட்காமலே சால்னாவை ஊற்றிக் குளம் கட்டிவிடுகிறார்கள். நம் ஊரில் இரண்டாவது கரண்டிக்குக் கெஞ்ச வேண்டும். "பச்சை வாங்குன உடம்பு, சாப்பிடும்" என்று மாமா ஆறு பரோட்டா சாப்பிட்டார்.

சனிக்கிழமை. இங்கேதான் நாங்கள் செய்த பெரிய காரியம் வருகிறது. சனிக்கிழமை ஆண்பிள்ளைக்கு எண்ணெய்க் குளியல். இருப்பதோ குற்றாலம். பத்து மணிக்குத்தான் ஆஸ்பத்திரி. உலகத்தில் எந்த ஊர்க்காரனாவது நெஞ்சைப் பரிசோதிக்கப் போகும் முன்னால் உடம்பெல்லாம் நல்லெண்ணெய் தேய்த்து அருவியில் நிற்பானா? நாங்கள் நின்றோம்.

மெயின் அருவி வாசலில் எண்ணெய் தேய்ப்பவர் மாமாவைக் குப்புறப் போட்டு முதுகில் தட்டிய தட்டில், பக்கத்தில் நின்ற எனக்கே எலும்பு வலித்தது. "பட்டாளத்து உடம்பு அண்ணாச்சி, எண்ணெயை உறிஞ்சுது" என்று சொல்லி இன்னொரு கிண்ணம் ஊற்றினார். அருவியில் கூட்டம். தண்ணீரைவிடத் தலைகள் அதிகம். கேரளாவிலிருந்து வந்த ஒரு பெரியவர் தன் மனைவியிடம் மலையாளத்தில் சொன்னது எனக்குப் பாதி புரிந்தது: "இவர்கள் குளிக்கிறார்களா, அடித்துக்கொள்கிறார்களா?" நியாயமான கேள்விதான். அந்தத் தண்ணீர் தலையில் விழும்போது நம் ஐஸ் கம்பெனியில் உறைகிற உப்புத்தண்ணீர் நிற்கும் பிரைன் தொட்டிக்குள் விழுந்த மாதிரி இருந்தது. அரை மணி நேரம் நின்றோம். போலீஸ்காரர் விசில் ஊதித்தான் மாமாவை வெளியே எடுத்தார்.

வெளியே வந்தால் அத்தையைக் காணோம். மாற்றுத் துணி இருந்த பை அத்தையிடம். அவள் பெண்கள் பக்கத்திலிருந்து வெளியே வந்து, எங்களைத் தேடி, நாங்கள் முன்னால் போய்விட்டோம் என்று நினைத்துத் தென்காசி என்று ஒரு மினி பஸ்ஸில் ஏறியிருக்கிறாள். அது செங்கோட்டை பஸ். போனில் கேட்டால், "கண்டக்டர் தென்காசின்னுதான் சொன்னான், பஸ்ஸுதான் வேற பக்கம் போவுது" என்றாள்.

நேரம் ஆகிவிட்டது. ஈரப் பனியனும் ஈர வேட்டியுமாக மாமாவை ஷேர் ஆட்டோவில் ஏற்றினேன். ஆட்டோவுக்கு இரண்டு பக்கமும் கதவு கிடையாது. சாரல் காற்று ஒரு பக்கம் ஏறி இன்னொரு பக்கம் இறங்கியது. பாதி வழியில் ஆட்டோ நின்றுவிட்டது. எல்லோரும் இறங்கித் தள்ளினோம். "நீங்க தள்ளாதிய" என்று நான் சொல்லியும் மாமா கேட்கவில்லை. ஆஸ்பத்திரி வந்து சேர்ந்தபோது அவருக்குப் பல்லோடு பல் அடித்துக்கொண்டிருந்தது.

ஈசிஜி ரூமில் குளிர்சாதனம் வேறு. ஓர் இளைஞர் மாமாவைப் படுக்க வைத்து, நெஞ்சில் ரப்பர் குமிழ்களை ஒட்டினார். எண்ணெய் நெஞ்சில் எது ஒட்டும்? ஒன்றை வைத்தால் இன்னொன்று வழுக்கி விழுகிறது. மாமா உடம்பு கோழி மாதிரி நடுங்குகிறது. கடைசியில் கையால் அமுக்கிப் பிடித்துக்கொண்டு பட்டனைத் தட்டினார். தாள் வெளியே வந்தது. கோடு முழுக்கச் சிறிசும் பெரிசுமாகக் கிறுக்கல். நம் செந்தில் முதன்முதலில் அ எழுதிய பக்கம் மாதிரி.

கம்ப்யூட்டர் ஒரு விநாடிகூட யோசிக்கவில்லை. திரை முழுக்கச் சிவப்பு. "இதய மேலறை நடுக்கம். உயர் ஆபத்து. அறுவை ரத்து. உயர் மையத்துக்கு உடன் அனுப்புக." நேற்றுப் பூங்கொத்து கொடுத்த அதே பெட்டி!

அதற்குப் பிறகு நடந்ததைப் பார்க்க வேண்டும். நடந்து வந்த மனிதரை நடக்கக் கூடாது என்று சக்கர நாற்காலியில் உட்கார வைத்தார்கள். திங்கட்கிழமை ஆபரேஷன் தானாக ரத்தானது. திருநெல்வேலிக்குப் போகக் கடிதம் தானாக அச்சாகி வந்தது. ஆம்புலன்ஸ்காரர் தானாகவே வந்து நின்றார். இந்த நேரத்தில்தான் அத்தை செங்கோட்டையைச் சுற்றிப் பார்த்துவிட்டு உள்ளே நுழைந்தாள். சக்கர நாற்காலியில் மாமா நடுங்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் பையை அப்படியே போட்டுவிட்டு, "ஐயோ, என்னய்யா பண்ணுனிய இவுகள!" என்று கத்தியதில் ரோபோ பேனரே ஆடியிருக்கும்.

நான் அந்தத் தாளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். எனக்கு ஈசிஜி தெரியாது. ஆனால் கம்ப்ரசர் அதிர்ந்தால் அழுத்தம் காட்டுகிற கேஜ் முள் துடிக்கும் என்பது தெரியும். முள் துடிக்கிறது என்பதற்காக யாரும் வாயு கசிகிறதென்று எழுத மாட்டார்கள். முதலில் போல்ட்டை இறுக்குவார்கள். டியூட்டி டாக்டரிடம் போய், "சார், ஆளு குளிர்ல நடுங்குதாரு. அந்த நடுக்கந்தான் இதுல விழுந்திருக்கு" என்றேன்.

அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "நீங்க டாக்டரா?"

"ஐஸ் கம்பெனி சார்."

"அப்போ ஐஸைப் பத்திச் சொல்லுங்க."

"ஐஸைப் பத்தித்தான் சார் சொல்லுதேன். ஒருக்க அவர் மூஞ்சியைப் பாருங்க. உதடு நீலமா இருக்கு."

பார்க்கவில்லை. பார்த்திருந்தால் ஈர வேட்டி தெரிந்திருக்கும். ஆனால் திரையில் ஈர வேட்டிக்கு இடம் கிடையாது.

ஜெயா சிஸ்டர் என்று ஒரு மூத்த நர்ஸ். அவர்தான் மாமா பக்கத்தில் வந்து மூக்கை உறிஞ்சினார். "அருவிக்குப் போயிட்டு வந்தியளா அண்ணாச்சி? உங்க ஒரு ஆள்கிட்டயே ரெண்டு ஊருக்குத் தாளிக்கலாம் போல எண்ணெய் இருக்கே!" என்று திட்டிக்கொண்டே மாமாவை நாற்காலியோடு தள்ளிக்கொண்டு போனார். சோப்பு போட்டு நெஞ்சைத் துடைத்து, உலர்ந்த துணி கட்டி, கம்பளி போர்த்தி, சுடச்சுடக் காப்பி கொடுத்து, அரை மணி கழித்து மறுபடி ஈசிஜி எடுத்தார். கோடு அழகாக வந்தது. கம்ப்யூட்டர், "இயல்பானது" என்றது. ஆம்புலன்ஸ்காரர் திரும்பிப் போனார்.

"முடிஞ்சிதுல்லா? ஆபரேஷனைத் திரும்பப் போடுங்க" என்றேன் கவுன்டரில்.

"போட முடியாதுண்ணே. ஒருக்கச் சிவப்பு விழுந்திட்டுன்னா சிஸ்டம் பூட்டிக்கிடும்."

"ரெண்டாவது தாள் நல்லா இருக்குன்னு அதுவேதான சொல்லுது?"

"சொல்லுது. ஆனா ரெண்டுல எது மோசமோ அதைத்தான் எடுத்துக்கிடும்."

"அப்போ மூணாவது எடுத்தா?"

"எத்தனை எடுத்தாலும் மொதல்ல விழுந்த சிவப்பு சிவப்புதான். நாளைக்கு ஞாயித்துக்கிழமை பெரிய டாக்டரம்மா வருவாங்க. அவங்க கைரேகை வச்சாத்தான் திறக்கும்."

இப்படி ஒரு பூட்டை நான் பார்த்ததில்லை. நம் ஊரில் வாயில் ஒரு தடவை சொன்ன பொய்யைக் கடைசிவரை விடாத ஆட்கள் உண்டு. அவர்களைப் பார்த்துத்தான் இதைச் செய்திருக்க வேண்டும்.

சாயங்காலம் மூன்று பேரும் குற்றாலம் கடைத்தெருவில் உட்கார்ந்திருந்தோம். மங்குஸ்தான் பழம் வாங்கினேன். மாமா உரித்தாரே தவிரச் சாப்பிடவில்லை. எதிரே நின்ற டூரிஸ்ட் வேனில் மதுரைப் பக்கத்துக் குடும்பம் ஒன்று வாழைக்காய் பஜ்ஜிக்குச் சண்டை போட்டது. அத்தை திருமலைக் கோயில் முருகனுக்கு நேர்ந்துகொண்டாள். நான் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தேன். எனக்கு அன்றைக்கு அவ்வளவு பெருமை. கம்ப்யூட்டரை ஐஸ் கம்பெனிக்காரன் மடக்கிவிட்டானே! மாமாவுக்கு நெஞ்சில் ஒன்றும் இல்லை என்று அவர்களிடம் நூறு தடவை சொன்னேன். மாமா ஒரு தடவைகூட, "ஆமா மாப்ள" என்று சொல்லவில்லை. அதை நான் கவனித்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை. பெரிய டாக்டரம்மாவுக்கு அறுபது வயது இருக்கும். வந்ததும் இரண்டு தாளையும் பார்த்தார். முதல் தாளைக் காட்டி, "இது குற்றாலம்" என்றார். இரண்டாவதைக் காட்டி, "இது நெஞ்சு" என்றார். "சீசன் வந்தா மாசத்துக்கு நாலு பேரு இப்படி எண்ணெயோட வருவாங்க. மிஷினுக்கு அருவி தெரியாது. பொம்மையை வாசல்ல நிறுத்துனவங்ககிட்ட நானும் சொல்லிட்டேன், ஈரத்தோட வர்ற ஆளை முதல்ல துடைங்க, பிறகு மிஷினைத் தொடுங்கன்னு."

நான் எழுந்தே நின்றுவிட்டேன். "அதத்தான் நேத்தே சொன்னேன் டாக்டர்!"

"உக்காருங்க" என்றார். பிறகு டேப்லெட்டைத் தள்ளித் தள்ளி வெள்ளிக்கிழமைப் பதில்களைப் பார்த்தார். முகம் மாறியது. "அறுபது வயசு ஆளு. ஒண்ணுகூட ஆம் இல்ல. இருபது வயசுப் பையனுக்கே ஒண்ணு ரெண்டு இருக்கும். இத யாரு போட்டது?"

நான் பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி கையைத் தூக்கினேன்.

டாக்டரம்மா என்னைத் திட்டவில்லை. மாமா பக்கம் நாற்காலியைத் திருப்பிக்கொண்டார். "அண்ணாச்சிக்கு வயல் எங்கன?"

"ஊருக்கு மேக்க. ஒரு மைல் இருக்கும்."

"எப்படிப் போறிய? வண்டியா?"

"நடந்துதான். பட்டாளத்துக் காலு."

"எங்கன நடக்காரு!" என்று அத்தை வெடித்தாள். "ரெண்டு மாசமா வாய்க்கால் மதகுகிட்ட உக்காந்து உக்காந்துல்லா போறாரு. கேட்டா தண்ணி பாக்கேன்ம்பாரு. தண்ணி இல்லாத வாய்க்கால்ல என்ன தண்ணி பாக்காரு?"

மாமா, "நீ சும்மா இரு ஏட்டி" என்றார்.

"உக்காரும்போது எங்கன பிடிக்குது?" என்று டாக்டரம்மா கேட்டார். நோய் இருக்கிறதா என்று கேட்கவில்லை. எங்கே என்று கேட்டார்.

மாமா உள்ளங்கையை நெஞ்சு நடுவில் வைத்தார். "இங்கன. கல்லை ஏத்தி வச்ச மாதிரி. இடது கை வரைக்கும் வரும். உக்காந்தா போயிரும்."

"உக்காந்தாப் போயிருதுன்னுதான் யாருகிட்டயும் சொல்லலையா?"

"சொன்னா இவ சோறு இறங்காம கிடப்பா, டாக்டர்."

அத்தை வாயைப் பொத்திக்கொண்டாள்.

பிள்ளைகளே, இப்போது கணக்கைப் பாருங்கள். கம்ப்யூட்டர் சிவப்பு என்று சொன்னது தப்பு. நடுக்கத்தை நோய் என்று எழுதியது. பச்சை என்று சொன்னதும் தப்பு. ஆனால் அந்தத் தப்பை அது செய்யவில்லை, நான் செய்து கொடுத்தேன். படுத்திருக்கும்போது எடுத்த தாளில் ஒன்றும் தெரியாது, நடக்கும்போதுதான் தெரியும் என்றார் டாக்டரம்மா. அப்படியே திங்கட்கிழமை மயக்கமருந்து கொடுத்திருந்தால் நெஞ்சு தாங்கியிருக்குமா என்று நான் கேட்டேன். மூன்று நாளில் நான் கேட்ட உருப்படியான கேள்வி அது ஒன்றுதான். அவர், "அதைக் கண்டுபிடிக்கிற வேலை இப்போ நமக்கு இல்லாமப் போச்சு. அது நல்லதுதான" என்றார்.

பின்னால் நடந்ததை இங்கேயே சொல்லிவிடுகிறேன், பயந்துகொண்டே வாசிக்க வேண்டாம். அடுத்த வாரம் திருநெல்வேலியில் பார்த்ததில் இதயத்துக்குப் போகிற குழாயில் ஓர் இடத்தில் பெரிய அடைப்பு இருந்தது. எங்கள் கம்பெனியில் ட்யூபில் பனி கட்டி அடைத்துக்கொள்வதைப் போல. அதைத் திறந்து உள்ளே ஸ்டென்ட் என்கிற சின்ன வலைக்குழாய் வைத்துவிட்டார்கள். டயர் வெடிப்பு இன்னும் அப்படியே இருக்கிறது. டாக்டரம்மா சொல்கிற மாதத்தில்தான் அதைத் தைப்பார்கள். அதுவரை மாமா இடுப்பில் பெல்ட்.

ஆனால் ஞாயிற்றுக்கிழமை அந்த அறையை விட்டு வருவதற்குமுன் ஒன்று நடந்தது. டாக்டரம்மா கைரேகை வைத்துப் பூட்டைத் திறந்து, டேப்லெட்டில் பழைய பதில்களை அழித்தார். "புதுசாப் போடுவோம். இதையும் மிஷின்கிட்டயே கேப்போம், என்ன சொல்லுதுன்னு. ஆனா இந்தத் தடவை வேற யாரும் பேசக் கூடாது" என்றார். தன் கண்ணாடியைக் கழற்றி மாமாவிடம் கொடுத்தார். பெண்கள் போடுகிற தங்க விளிம்புக் கண்ணாடி. மாமாவின் மீசைக்கு மேல் அது உட்கார்ந்திருந்ததைப் பார்த்து நான் சிரித்திருக்க வேண்டும். சிரிக்கவில்லை.

"நீ வெளிய இரு" என்றார் மாமா அத்தையிடம்.

"மாட்டேன்" என்றாள் அத்தை.

மாமா பரேடில் நிற்கிற மாதிரி முதுகை நிமிர்த்திக்கொண்டார். ஒவ்வொரு கேள்வியையும் எழுத்துக் கூட்டி வாசித்தார். நெஞ்சு? "ஆமா." கை? "ஆமா." படிக்கட்டு என்று வந்ததும் டாக்டரம்மா, "வரப்புன்னு வச்சுக்கிடுங்க" என்றார். "முடியாது." புகை? மாமா அத்தையைப் பார்க்காமல், "மதகுல உக்காரும்போது ரெண்டு பீடி. ஆமா" என்றார். அப்பா எப்படிப் போனார் என்று வந்தபோது விரல் நின்றுவிட்டது. "எனக்கு அப்போ பன்னெண்டு வயசு. அவரும் இப்படித்தான் நெஞ்சைப் பிடிச்சிட்டு உக்காந்தாரு" என்றார். ஆம் என்று தொட்டார். அத்தை மறுப்புச் சொல்லவில்லை.

கம்ப்யூட்டர் சுற்றியது. மஞ்சள் வந்தது. "நடைப் பரிசோதனைக்குப் பின் அறுவை." டாக்டரம்மா ஏற்கெனவே சீட்டில் எழுதி வைத்திருந்ததும் அதேதான். உண்மையைச் சொன்னால் அந்தப் பொம்மைக்கும் புத்தி இருக்கத்தான் செய்கிறது.

கடைசிப் பக்கத்தில் ஒரு வரி மிச்சம் இருந்தது: இந்தப் பதில்களை அளித்தவர் யார்? நோயாளி, உறவினர் என்று இரண்டு கட்டங்கள். மாமா கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு இரண்டையும் ரொம்ப நேரம் பார்த்தார். இருபத்திரண்டு வருஷத்தில் ஒரு நாள்கூட மருத்துவ லீவு எடுக்காத ஆள் என்று நீங்கள் எத்தனை தடவை அவர் வாயால் கேட்டிருப்பீர்கள்.

நான் தொடட்டுமா என்று கேட்டபடி கையை நீட்டினேன். மாமா என் கையை ஒதுக்கினார். 'நோயாளி' என்ற கட்டத்தை அவரே தொட்டார். பிறகு டேப்லெட்டைக் கீழே வைத்துவிட்டு, முதல் தடவையாக அத்தையின் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.